ஓடெல் ப்ரூயிட் இருக்கை கொண்ட படலம்

நால்நரம்பு நாயகனே, ஜார்ஜியத்துச் செம்மண் ஈன்ற சிங்கமே, தாழ்ந்த இடியென முழங்கும் பேஸ் கிட்டாரை இடுப்பில் தாங்கி, பாடுபவனுக்குப் பின்னும் முரசறைபவனுக்கு முன்னுமாய் எவர் கண்ணிலும் படாமல் நின்ற பெருந்தகையே, ஓடெல் ப்ரூயிட் எனும் உன் திருப்பெயரை வணங்கி, ஹேட்லி நகரின் நடுத்தெருவில் நீ ஆற்றிய அரும்போரைப் பாடத் துணிகிறேன். என் நாவிலும் அந்த நான்கு நரம்புகள் சற்றே அதிரட்டும்!

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்து நான்கில், ஸ்டம்ப் க்ரீக் எனும் அவன் இசைக்குழு ‘பருத்தி ஆலைச் சாலை’ என்ற இசைத்தட்டை வெளியிட, அது தென்மாநிலங்களெங்கும் காட்டுத்தீயாய்ப் பரவிற்று. லாரி ஓட்டுநர்கள் அதைப் பாடினர். முடிதிருத்துவோர் அதன் தாளத்துக்குக் கத்தரி அசைத்தனர். ஞாயிறன்று பாதிரியார் அதைச் சாத்தானின் ஊளை எனச் சபிக்க, திங்கள் நண்பகலுக்குள் கடையில் ஒரு தட்டும் மிஞ்சவில்லை. ஆனால் அந்தோ! உறைக்குப் படம் எடுத்த வேளையில் நம் வீரன் அவித்த வேர்க்கடலை வாங்கப் போயிருந்தான். அவன் நிற்க வேண்டிய இடத்தில், முரசறையும் லமாரின் வேட்டைநாய், தொங்குசெவித் தோன்றல், நீலப்புள்ளி மேனியன், கர்னல் என்னும் பெயரினன், வந்து அமர்ந்துவிட்டான். அம்முகத்தை நாடே காதலித்தது. ஓடெலும் அக்குழுவில் ஒருவன் என்பதை அவன் சொந்த ஊரே நம்பவில்லை.

ஆகவே, குழுவுக்கு நகரம் ஊர்வலம் எடுத்த காலையில், அவன் தாய் வெர்னீஸ், இறகு வைத்த தொப்பியில் ஊசி குத்தியபடியே ஆணையிட்டாள்:

"சர்ச்சுல எல்லார் முன்னாடியும் அந்த ஐடா மே கேக்குறாடா, ‘உம் மவன் நாய்க்குப் பின்னாடி ஒளிஞ்சிருக்கானா’ன்னு. இன்னிக்கு நீ அந்த மேயர் கார்ல உக்காந்து வரலன்னா, இனிமே நான் சர்ச் வாசல்ல கால் வைக்க மாட்டேன், சொல்லிட்டேன்."

மேயரின் கூரையற்ற திருத்தேர் நகரமன்றத்தின் முன் நின்றது. முன்னே மேயரும் பாடகனும். பின்னே கிட்டார்க்காரனும் லமாரும். எஞ்சிய ஒற்றை இடத்தில், குன்றின்மேல் கவிந்த கார்முகிலென, கர்னல் படுத்திருந்தான்.

ஓடெல் அணுகினான். காற்று அடங்கிற்று. மாடிதோறும் மகளிர் எட்டிப் பார்க்க, ஊர்வலத்தில் வந்த தீயணைப்பு வீரர்களின் ஊதுகுழல்கள் ஓய, குலப்பெருமை முழுவதையும் குரலில் திரட்டி அறைகூவினான்:

"எறங்குடா."

கர்னல் கொட்டாவி விட்டான்.

தோள்வலி கொண்டு தள்ளினான் வீரன். பகைவனோ எலும்பெல்லாம் கரைந்தவன்போல் மாவு மூட்டையாய்க் கனத்தான். புகையில் வாட்டிய பன்றி விலா எனும் பேரஸ்திரத்தை ஏவினான். கர்னல் அதை உண்டு, ஏவிய விரலையும் நக்கிவிட்டு, முன்னிலும் கனத்தான். இறுதியில் பின்னங்கால் இரண்டையும் பற்றி இழுக்க, மண்ணும் விண்ணும் அதிர ஓர் ஊளை எழுந்தது. ஊர் கொதித்தது.

"ஏய், நாய விடுடா! யார்றா நீ?" என்று கூட்டத்தில் ஒருவன் கத்தினான்.

"எங்க பேஸ் வாசிக்கிறவன்ப்பா," என்றான் லமார்.

"பேஸா? அது எதுக்கு?"

அவ்வினா வேலென ஓடெலின் மார்பில் தைத்தது. நடைபாதையில், சர்ச் மாதர் நடுவே, தாயின் தொப்பி மெல்லத் தாழ்வதையும் கண்டான். கண்டபின் பொறுப்பானோ? இரு கைகளாலும் அந்த மாமிச மலையை அப்படியே அள்ளித் தூக்கினான். நரம்பு புடைக்க, ஒரு கணம் ஏந்தி நின்றான். தானே அவ்விடத்தில் அமர்ந்து பகைவனை மடியில் கிடத்தினான். கர்னல் பெருமூச்செறிந்து உறங்கிப்போனான். தேர் நகர்ந்தது.

இசைத்தட்டும் பேனாவுமாய் ஒரு நங்கை ஓடிவந்தாள். ஓடெல் கம்பீரமாய்க் கை நீட்டினான்.

"நீங்க வேணாம்ண்ணே," என்றாள் அவள். "அதோட காலைக் கொஞ்சம் தூக்கிப் புடிங்க, மை தடவி இந்தத் தட்டுல பதிச்சுக்கிறேன்."

அவன் தூக்கிப் பிடித்தான். அப்போது நடைபாதையிலிருந்து, ஊதுகுழல்களையும் விஞ்சி, ஒரு குரல் எழுந்தது:

"ஐடா மே! நல்லாப் பாருடி! நாய மடியில வெச்சிருக்கானே, அவன்தான் என் மவன்!"

அக்குரல் கேட்டு, ஆயிரம் நகரங்களை வென்ற மன்னர்க்கும் வாய்க்காத பெருமிதம் நெஞ்சில் பொங்க, கதிரவன் நெற்றியில் முடிசூட்ட, காகிதப் பூமழை தோள்களில் சொரிய, கால்கள் இரண்டும் மரத்துப்போனதையும் பொருட்படுத்தாமல், நால்நரம்பு நாயகன் நடுத்தெருவை நிமிர்ந்த தலையோடு கடந்தான்.

அவன் கால்சட்டை முழுக்க நாய் முடி.