வர்மீலா என்னும் பெயரின் பொருளும் பிறப்பும்

மனிதனாகப் பிறந்தால் ஒரு பெயர் வேண்டும் என்பதில் சர்க்காருக்கும் ஜனங்களுக்கும் என்றைக்கும் தகராறு வந்ததில்லை. அந்தப் பெயருக்கு ஒரு பொருளும் வேண்டும் என்று சர்க்கார் நினைத்த அன்றைக்குத்தான் சேத்தூர் ஹவில்தார் சோலைச்சாமிக்குச் சனி பிடித்தது.

நடந்தது இவ்வளவுதான். சென்னைப் பட்டணத்தில் ஒரு பெரிய உத்தியோகஸ்தருக்குத் தம்முடைய பேத்தியின் பெயருக்கு என்ன அர்த்தம் என்று தெரியாமல் போயிற்று. தமக்குத் தெரியாத ஒன்று ராஜதானியில் வேறு யாருக்கும் தெரிந்திருக்காது என்ற நியாயமான முடிவுக்கு அவர் வந்தார். உடனே ஒரு சர்க்குலர் புறப்பட்டது. புதுமாதிரிப் பெயருள்ள பெண் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்குமுன், அப்பெயரின் பொருளையும் பிறப்பையும் தீர விசாரித்துத் திருப்தியடைய வேண்டியது. ஆண் பிள்ளைகளுக்கு இந்தச் சட்டம் இல்லை. அவர்கள் சுபேதார், தாசில்தார் என்றெல்லாம் பெயர் வைத்துக்கொண்டு கோவணத்தோடு திரியலாம், சர்க்கார் ஆட்சேபிக்காது.

சோலைச்சாமி ஜெர்மன் சண்டைக்குப் போய், பஸ்ராப் பக்கத்து மணலையெல்லாம் தின்றுவிட்டு, மார்பில் ஒரு மெடலோடு திரும்பி வந்தவர். திரும்புகிற வழியில் கடலில் பெரும் புயல். சேத்தூர் ஐயனாரைக் கூப்பிட்டார், வரவில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர்த் தாயாரைக் கூப்பிட்டார். அந்த அம்மாளுக்கு உள்ளூரிலேயே வேலை அதிகம். கடைசியில் கப்பலின் இரும்புக் கம்பியையே கட்டிப்பிடித்துக்கொண்டு, "ஆத்தா, நீ யாரோ எவளோ, என்னையக் கரை சேத்துரு. எம்பிள்ளைக்கு உம்பேரை வைக்கேன்" என்று நேர்ந்துகொண்டார். கப்பல் கரை சேர்த்துவிட்டது. பம்பாயில் இறங்கியதும் ஒரு வெள்ளைக்காரச் சிப்பாயிடம் கேட்டுக் கப்பலின் பெயரைத் தெரிந்துகொண்டார். வர்மீலா. பக்கத்தில் நின்ற கப்பலின் பெயர் ஜெனரல் வாட்சன். அதில் ஏறியிருந்தால் பிற்பாடு தமக்குப் பிறந்த பெண் பிள்ளையின் கதி என்னவாகியிருக்கும் என்று அவர் இன்றைக்கும் நினைத்து நடுங்குவார்.

நம் பக்கத்தில் உயிர் காத்த சாமியின் பெயரைப் பிள்ளைக்கு வைப்பது வழக்கம். சோலைச்சாமி வழக்கத்தை மீறவில்லை. சாமிதான் கொஞ்சம் வேறு மாதிரி. மனைவி சுந்தரம்மாள் மட்டும், "நாச்சியார்னு வையுங்கன்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேன், கேட்டியளா?" என்று பதினோரு வருஷமும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

வர்மீலா கணக்கில் புலி. சேத்தூரில் ஐந்தாம் வகுப்பை முடித்ததும், ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பெண்கள் பள்ளியில் சேர்ந்து டாக்டருக்குப் படிக்கப்போவதாக வீட்டில் அறிவித்துவிட்டாள். தகப்பனாருக்கும் அதுதான் ஆசை. மெடலைத் துடைத்துக் குத்திக்கொண்டு மகளைக் கூட்டிக்கொண்டு போனார்.

தலைமை ஆசிரியை அமிர்தவல்லி அம்மாள் நல்லவர். "பிள்ளைக்குக் கேட்ட கணக்கெல்லாம் வருது. சேத்துக்கிட எனக்கு ஒரு தடையும் இல்ல. ஆனா பிள்ளைக்கு முன்னாடி பேரு வந்து நிக்குதே. டிப்டி இன்ஸ்பெக்டர் ஆபீசுல திருப்தின்னு ஒரு வரி வாங்கியாந்துருங்க. செத்த நேர வேலைதான்" என்றார்.

பள்ளிக்கூடங்களின் டிப்டி இன்ஸ்பெக்டர் சங்கரலிங்கம் அவர்கள் திருப்தியே அடையாதவர் என்று பெயர் பெற்றவர். ஹெட்கிளார்க் தேவஇரக்கம் பக்கத்தில் பேனாவோடு நின்றார்.

"பெயரின் பொருள்?"

"கப்பலுங்கய்யா."

"கப்பல் ஒரு வாகனம். அது பொருளாகாது. கப்பலின் பெயருக்கு என்ன பொருள்?"

"அதைக் கப்பல்கிட்டத்தான் கேக்கணும்."

"அந்தக் கப்பல் என்ன செய்துகொண்டிருந்தது?"

"போகையில கோவேறு கழுதை ஏத்திட்டுப் போச்சு. வரையில எங்களை ஏத்திட்டு வந்துச்சு."

தேவஇரக்கம் எழுதிக்கொண்டார். பொருள்: கோவேறு கழுதை சுமப்பது. பிறப்பு: கடல்.

சோலைச்சாமிக்கு முகம் செத்துவிட்டது. "ஐயா, எம்மகளுக்கு நாளைக்கு மாப்பிள்ளை வர வேண்டாமாய்யா?"

சங்கரலிங்கம் இரக்கப்பட்டார். "நாச்சியார் என்று மாற்றிவிடும். இந்த நிமிஷமே கையெழுத்துப் போடுகிறேன்."

சோலைச்சாமி மகளைப் பார்த்தார். மகள் தலையை ஆட்டியிருந்தால்கூட அவர் கேட்டிருக்கமாட்டார். "நேந்துக்கிட்ட பேருங்கய்யா. மாத்தினா கப்பல் சும்மா விடுமா?"

"கப்பல் இப்போது எங்கே?"

"உடைச்சு இரும்புக்குப் போட்டாச்சுன்னு கேள்வி."

"அப்புறம் என்ன பயம்?"

"நம்ம சீமையில செத்துப்போனவுகதானய்யா சாமியா நிக்காக."

இந்த நியாயத்துக்கு டிப்டி இன்ஸ்பெக்டரிடம் பதில் இல்லை. அவரும் இந்தச் சீமைக்காரர்தான். ஆகவே, பதில் இல்லாத விஷயங்களுக்கு ஆபீசில் என்ன செய்வார்களோ அதைச் செய்தார். ஒரு கமிட்டி போட்டார்.

கமிட்டியில் மூன்று பேர். ஒரு சமஸ்கிருத பண்டிதர், ஒரு தமிழ்ப் புலவர், ஒரு சபைப் போதகர். வர்மம் என்றால் கவசம், லீலை என்றால் விளையாட்டு, ஆகவே கவசமணிந்து விளையாடும் துர்க்கையே வர்மீலா என்று பண்டிதர் கண்ணை மூடிக்கொண்டு சொன்னார். அதெல்லாம் இல்லை, இது கடல் கொண்ட நாட்டுப் பழந்தமிழ், 'வரும், மீளாள்' என்பதன் மரூஉ, வந்த வீட்டைவிட்டுக் கோபித்துக்கொண்டு பிறந்தகம் திரும்பாத உத்தமி என்று பொருள் என்றார் புலவர். போதகர் சாந்தமாக, பழைய ஏற்பாட்டு வம்ச அட்டவணைகளில் யாரும் வாசிக்காத பக்கம் ஒன்றில் இந்தப் பெயர் நிச்சயமாக இருக்கவேண்டும் என்றார். யாரும் வாசிக்காததால் அதை யாரும் மறுக்கவில்லை.

"ஐயா, அது கப்பலுங்க" என்று சோலைச்சாமி நடுவில் எழுந்தார்.

"உட்காரும்" என்றார் சங்கரலிங்கம். "பெயர் வைத்தவர் என்ற முறையில் நீர் சம்பந்தப்பட்ட கட்சி. இந்தப் பெயரைப்பற்றி நீர் சொல்லும் எதையும் நம்புவதற்கில்லை."

ஒரு பெண்ணுக்கு மூன்று பொருள் இருப்பது முறையல்ல என்பதால் விவகாரம் சென்னைக்குப் போயிற்று. அங்கிருந்து, இதே பெயருள்ள வேறு பெண்கள் மேற்படி தாலுகாவில் உண்டா என்று கேட்டு வந்தது. ஒருத்தியும் இல்லை என்று இங்கிருந்து போயிற்று. முன்மாதிரி இல்லாதபடியால் நிலுவையில் வைக்கவும் என்று வந்தது. இதற்குள் ஒரு வருஷம் ஓடிவிட்டது.

ஆபீசில் நிலுவையில் கிடந்த பெயர் ஊரில் சும்மா கிடக்கவில்லை. சர்க்காரே கமிட்டி போட்டு விசாரிக்கிற பெயர் என்றால் அது எம்புட்டு உசந்த பெயராக இருக்கவேண்டும்! ராஜபாளையத்தில் ஒரு ராஜு வீட்டில் முதலில் வைத்தார்கள். "மஞ்சி பேரு, மஞ்சி பேரு" என்று தெலுங்கில் மெச்சிக்கொண்டு தெருவே வந்து பார்த்துவிட்டுப் போயிற்று. கோபித்துக்கொண்டு பிறந்தகம் போகாத மருமகள் கிடைப்பாள் என்று கேள்விப்பட்ட மாமியார்கள் அடுத்தாற்போல் பிடித்துக்கொண்டார்கள். வன்னியம்பட்டியில் ஞானஸ்நானம் பெற்ற குழந்தைக்கு வர்மீலா ஏசம்மாள் என்று பெயர். யாரோ கறவை மாட்டுக்குக்கூட வைத்ததாகப் பேச்சு.

பேர் சூட்டுகிற வீடுகளிலெல்லாம் சோலைச்சாமியைக் கூப்பிட்டார்கள். மெடலோடு நடுவில் உட்காரவைத்து, குழந்தையின் காதில் அவரையே சொல்லச் சொன்னார்கள். முதல் வீட்டில் அவர் கப்பல் கதையைச் சொன்னார். யாரும் ரசிக்கவில்லை. இரண்டாவது வீட்டில் துர்க்கை என்றார். பாயசம் இரண்டாம் தடவை வந்தது. அதன் பிறகு கப்பல் அவர் வாயில் வரவேயில்லை. இந்துக்கள் வீட்டில் துர்க்கை, புலவரின் சிநேகிதர் வீட்டில் பழந்தமிழ், வேதக்காரர் வீட்டில் பழைய ஏற்பாடு என்று சமயோசிதமாகச் சொல்லப் பழகிக்கொண்டார்.

"இன்னைக்கு ஆபீசுக்கு வரச் சொல்லியிருந்தாகளே, போகலையா?" என்று சுந்தரம்மாள் கேட்பாள்.

"ராஜபாளையத்துல ஒரு பெரிய வீட்டு விசேஷம். ஆபீசு எங்க ஓடிப்போகுது? நாளைக்குப் போறேன்."

வர்மீலா பாவம். பள்ளிக்கூடம் திறக்கும் மாசம் வந்தால் தலையை இழுத்துப் பின்னிக்கொண்டு வாசலில் வந்து நிற்பாள். அடுத்த தெருப் பெத்தம்மாள் அந்தப் பள்ளியில் படித்தாள். அவள் பெயருக்கு யாரும் பொருள் கேட்கவில்லை. அவள் லீவுக்கு வரும்போது புத்தகத்தை வாங்கிப் படித்துவிட்டு, அதற்குக் கூலியாக அவளுடைய கணக்குகளையெல்லாம் வர்மீலா போட்டுக்கொடுத்தாள். பெத்தம்மாள் கணக்கில் முதல் பரிசு வாங்கினாள்.

இப்படியே வருஷங்கள் போய், சின்ன வர்மீலாக்கள் பள்ளிக்கூடம் போகிற வயதுக்கு வந்துவிட்டார்கள். அவர்களில் டிப்டி இன்ஸ்பெக்டர் சங்கரலிங்கத்தின் சொந்த மகளும் ஒருத்தி. வீட்டு அம்மாளின் விருப்பம். ஹெட்கிளார்க் தேவஇரக்கத்தின் தங்கை மகளும் ஒருத்தி. சங்கரலிங்கம் வாழ்நாளில் முதல்முறையாகத் திருப்தியடைந்தார். 'மேற்படி பெயர் இத்தாலுகாவில் நெடுங்காலமாக வழக்கத்திலுள்ள பெயராகையால் பொருள் விசாரிக்கத் தேவையில்லை' என்று உத்தரவு பிறந்தது. ஒரே நாளில் அத்தனை வர்மீலாக்களும் உள்ளே போய்விட்டார்கள்.

சோலைச்சாமி செய்தி கேட்டு பஸ் பிடித்து ஓடினார்.

"எம்மகளையும் சேத்துக்கிடலாமில்லய்யா இனி?"

தேவஇரக்கம் கண்ணாடியைக் கழற்றினார். "உத்தரவை நன்றாகக் கேளும். வழக்கத்தில் உள்ள பெயருக்குத்தான் இது. உம்முடைய மகளுக்குப் பெயர் வைத்தபோது வழக்கம் இருந்ததா?"

"இல்லைங்க."

"ஆகவே பொருந்தாது."

"இவ பேரைக் கேட்டுத்தானய்யா அம்புட்டுப் பேரும் வச்சாக!"

"அதைத்தான் நானும் சொல்கிறேன். அவர்களுக்கு உம்முடைய மகள் முன்மாதிரி. உம்முடைய மகளுக்கு முன்மாதிரி யார்?"

சோலைச்சாமிக்குத் தொண்டையை அடைத்தது. சங்கரலிங்கத்துக்கும் மனசு கேட்கவில்லை. அவரும் ஒரு வர்மீலாவின் தகப்பனார் அல்லவா? பள்ளி ஆண்டு விழாவுக்கு மூல வர்மீலாவை அழைத்து மேடையில் கௌரவிப்பது என்று அங்கேயே முடிவு செய்தார். அடைத்த தொண்டை சோலைச்சாமிக்கு உடனே திறந்துகொண்டது. "மாலை உண்டுங்களாய்யா?" என்று கேட்டார்.

மாலை இருந்தது. ஆண்டு விழாவில், பதினேழு வயது வர்மீலா ஆறு வருஷமாக நுழைய முடியாத வாசல் வழியாக நாதஸ்வரத்தோடு நுழைந்தாள். அமிர்தவல்லி அம்மாள் மாலை போட்டார். போடும்போது அவர் மட்டும் அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்கவில்லை. இந்தப் பெயரின் தொன்மையையும் மேன்மையையும் பற்றிச் சங்கரலிங்கம் சொற்பொழிவாற்றினார். முன்வரிசையில் சின்ன வர்மீலாக்கள் ஒரே மாதிரி ரிப்பன் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். முடிவில், மூல வர்மீலா இரண்டு வார்த்தை பேசவேண்டும் என்றார்கள்.

அவள் மாலையைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எழுந்தாள்.

"ஐயா, எப்படியோ பள்ளிக்கூடத்துக்குள்ள வந்துட்டேன். இப்படியே போயி ஆறாம் வகுப்புல உக்காந்துக்கிடட்டுமா?"

கொட்டகை அதிரச் சிரித்தார்கள். அமிர்தவல்லி அம்மாள் தலையைக் குனிந்துகொண்டார். சங்கரலிங்கம் கண்ணில் நீர் வரும்வரை சிரித்துவிட்டு, "நல்ல நகைச்சுவை!" என்றார். பின்வரிசையில் ஒருவர் எழுந்து நின்று கை தட்டினார். சோலைச்சாமிதான். பெண்ணின் உதடு நடுங்கியதை அவர் பார்த்தார். சந்தோஷம் தாங்கவில்லை பிள்ளைக்கு என்று எண்ணிக்கொண்டார்.

ஒரு வாரம் கழித்து டவாலிச் சேவகன் ஒரு தாக்கீதைக் கொண்டுவந்து கொடுத்தான். சோலைச்சாமி அப்போது தலைப்பாகை கட்டிக்கொண்டிருந்தார்.

"வாசி தாயி, என்ன சொல்லுதாக?"

வர்மீலா நிறுத்தி நிதானமாக வாசித்தாள். "'மனுதாரரின் மகள் மேற்படி பள்ளிக்குள் அனுமதிக்கப்பட்டு, மேடையில் அமர்ந்து, மாலையும் பெற்றுக்கொண்டு, தாம் உள்ளே வந்துவிட்டதாகப் பலர் முன்னிலையில் வாயாரக் கூறியிருப்பதால், மனுவின் கோரிக்கை பூரணமாக நிறைவேறியது. விவகாரம் முடிக்கப்பட்டது.'"

"நல்ல சேதிதானே தாயி?"

"ஆமாய்யா. நான் படிச்சு முடிச்சாச்சாம்."

"அம்புட்டுத்தானே! நான் என்னமோன்னு பயந்துட்டேன்" என்றார் சோலைச்சாமி. "நீ அதைப் பத்திரமா எடுத்து வையி. தேவதானத்துல பேர் சூட்டுற வீட்டுல எனக்காகக் காத்துக்கிட்டிருப்பாக. போயிட்டு வாரேன்."