சர்க்கரை போடாத பிஸ்கட்டும் இரண்டு நாள் லீவும்

மனிதர்களில் சோற்றை விட்டவர் என்று ஒரு தனி இனம் உண்டு. குடியை விட்டவர் ஓரமாகப் போய் உட்கார்ந்துகொள்வார். சிகரெட்டை விட்டவர் இரண்டு மாதம் எல்லோர் மீதும் எரிந்து விழுந்துவிட்டு அடங்கிவிடுவார். சோற்றை விட்டவர் மட்டும் உங்களை விடமாட்டார். நலம் விசாரிக்கும் வழக்கமெல்லாம் அவரிடம் கிடையாது. பேண்ட்டின் இடுப்பை முன்னால் இழுத்துக் காட்டி, "இதுக்குள்ள இன்னொரு ஆளு இருந்தான், பாத்துக்கோங்க" என்பார்.

ஒரகடத்தில் கார் சீட் செய்யும் கம்பெனியொன்றில் சூப்பர்வைசராக இருந்த வனமாமலை இந்த இனத்தில் நன்றாக முற்றிய வகை. ஃபேஸ்புக்கில் எதையோ படித்து, இட்லியைத் துறந்து, பதினோரு கிலோ குறைந்து, படப்பை வீட்டில் ஓவன் வாங்கி வைத்து, பாதாமை அரைத்து, வெண்ணெயும் முட்டையும் சேர்த்து, சர்க்கரைக்குப் பதில் மனவுறுதியைச் சேர்த்து, வாராவாரம் இரண்டு டப்பா பிஸ்கட் சுட்டார். தின்றாரா? அவர் ஏன் தின்ன வேண்டும்? லைனில் முப்பத்தெட்டு பேர் இருக்கிறார்களே.

மூன்றே முக்காலுக்கு டீ இடைவேளை. பத்தே நிமிடம். கேண்டீனில் மசால் வடை சூடாக வரும். அந்த வடைக்கும் பசித்தவனுக்கும் நடுவே டப்பாவைத் திறந்துகொண்டு வனமாமலை நிற்பார். "லோ கார்ப், மாவுச்சத்தே கிடையாது. டீயில தொட்டுச் சாப்பிடு. உண்மையச் சொல்லணும்."

ஒருமுறை லைனில் வேலை பார்க்கும் இனியவன் உண்மையைச் சொன்னான். "கொஞ்சம் மண்ணு மாரி கீது சார்."

வனமாமலை கோபப்படவில்லை. கோபப்பட்டிருக்கலாம். அவனைப் பலகை முன் நிறுத்தி, பழுதான சீட்டுக்குக் காரணம் தேடும் முறைப்படி ஐந்து முறை 'ஏன்' கேட்டார். ஏன் மண் மாதிரி? உதிர்கிறது. ஏன் உதிர்கிறது? மைதா இல்லை. ஏன் மைதா வேண்டும்? நாக்கு கேட்கிறது. நாக்கு ஏன் கேட்கிறது? பழக்கம். ஏன் அந்தப் பழக்கம்? வளர்ப்பு. ஆக, கோளாறு பிஸ்கட்டில் இல்லை, இனியவனிடம். இடைவேளை முடிந்தது. வடையும் முடிந்தது.

அருள்பாண்டிக்கு இதெல்லாம் தெரியும். சாத்தூர்ப் பக்கத்து ஆள், சீட்டின் இரும்புச் சட்டத்தை வெல்டிங் செய்கிறவன். ஞாயிற்றுக்கிழமை அக்கா பாஞ்சாலியின் குழந்தைக்குக் காது குத்து. குழந்தை தாய்மாமன் மடியில்தான் உட்கார வேண்டும். அதற்கு இருக்கிற ஒரே மாமன் இவன். சனிக்கும் திங்களுக்கும் லீவு எழுதிய தாள் மூன்று நாளாகச் சட்டைப்பையில் கிடந்தது. வியாழக்கிழமை டீ நேரத்தில் ஒரு முடிவோடு டப்பாவுக்குள் கையை விட்டான்.

"இன்னா அருளு, பிரேக் பேடு மாரி கீது, கடிச்சிடுவியா?" என்றாள் பக்கத்தில் டீ குடித்துக்கொண்டிருந்த கங்கா.

"சும்மா இரு, கங்காக்கா" என்று முணுமுணுத்துவிட்டு ஒன்றைத் தின்றான். இரண்டாவதையும் தின்றான். மூன்றாவதை அவனே கேட்டு வாங்கினான். "கல்யாண வீட்டுப் பலகாரம் தோத்துச்சு சார்."

வனமாமலையின் கண் கலங்கிவிட்டது. பத்து மாதத்தில் யாரும் இரண்டாவது கேட்டதில்லை.

"இந்த நாக்குதான்டே எனக்கு வேணும். ஞாயித்துக்கிழம வீட்டுக்கு வா, புது பேட்ச் போடுதேன். நீதான் முதல்ல பாக்கணும்."

அருள்பாண்டி சட்டைப்பையிலிருந்து தாளை எடுத்து நீட்டினான். "சார், ஞாயித்துக்கிழம அக்கா பிள்ளைக்குக் காது குத்து. லீவுக்கு எழுதி வச்சிருக்கேன்."

"வேற மாமன் இல்லையா?"

"ஒரே மாமன் சார்."

"கூட்டம் எவ்வளவு வரும்?"

"எரநூறு பேரு வருவாங்க."

வனமாமலை யோசித்தார். பிறகு பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டார். அத்தோடு மூன்று டப்பா பிஸ்கட்டும், 'கருத்துப் படிவம்' என்று தலைப்பிட்ட இருநூறு தாள்களும் கொடுத்தார்.

ஞாயிற்றுக்கிழமை, மொட்டைத் தலையோடு குழந்தை மாமன் மடியில் உட்கார்ந்தது. ஆசாரி குத்தினார். குழந்தை வீறிட்டது. "வாயில இனிப்பா என்னத்தையாச்சும் வைங்க" என்றார் அவர். வெல்லம் கலந்த காப்பரிசித் தட்டு கூட்டத்தில் எங்கோ போயிருந்தது. யாரோ அருள்பாண்டியின் காலடியில் இருந்த டப்பாவைத் திறந்து, ஒரு விள்ளலைக் கிள்ளிக் குழந்தையின் வாயில் வைத்தார்கள்.

அழுகை நின்றது. குழந்தை மாமனை ஒரு பார்வை பார்த்தது. பிறகு காதை அடியோடு மறந்துவிட்டு, நாக்கை வெளியே நீட்டிக்கொண்டு, முன்னைவிட இரண்டு மடங்காக அழத் தொடங்கியது. அந்த இரைச்சலில் ஆசாரி மறு காதையும் குத்தி முடித்துவிட்டார்.

"பிள்ளைக்கு என்னத்தடா குடுத்த?" என்றாள் பாஞ்சாலி.

நிரப்பப்பட்ட படிவம் ஒன்றே ஒன்றுதான். அதில் அருள்பாண்டி பொய் எழுதவில்லை: 'சாப்பிட்டதும் குழந்தைக்குக் காது வலியே தெரியவில்லை.'

செவ்வாய்க்கிழமை அந்தத் தாள் லைன் அறிவிப்புப் பலகையில் ஏறியது. பார்க்கிறவர்களிடமெல்லாம் வனமாமலை, "ஒரு வயசுப் பிள்ள பொய் சொல்லுமா?" என்று கேட்டார்.

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஓவன் இல்லாதவர்களும் இந்த இனத்தில் உண்டு. கம்பங்கூழ் காய்ச்சுகிறவர்கள், கவிதை படித்துக் காட்டுகிறவர்கள், வீட்டுத் தோட்டத்துக் கத்தரிக்காயைக் கையில் திணிக்கிறவர்கள். உங்கள் கைப்பக்குவத்தைக் கடைசியாக வாயாரப் புகழ்ந்தவர் யார்? அவருக்கு அன்று உங்களிடம் என்ன காரியம் ஆக வேண்டியிருந்தது?