சொட்டுச் சத்தம்

"அண்ணே, ஏதோ சொட்டுற சத்தம் மைக்குல விழுது," என்றார் ஒலிப்பதிவுக்காரர்.

குழாய்க்காரருக்குக் காது சிவந்தது. ஊரில் பாதிக் குழாய்களை அடக்கியவர் அவர். 'உழைக்கிறவர் வீட்டில் ஒரு நாள்' என்று படம் எடுக்க இரண்டு பேர் வந்திருக்கிறார்கள். எழுதிவைத்த வசனம் கிடையாது; நடப்பது நடந்தபடி பதிவாகுமாம். சற்றுமுன்தான் புதுச்சட்டையோடு கேமராவைப் பார்த்து, "தண்ணி தெய்வம் மாதிரி. ஒரு சொட்டு வீணானாலும் எனக்குத் தூக்கம் வராது," என்று கண்ணை மூடிச் சொல்லியிருந்தார். அவர் வாய் மூடவும் சமையலறையில் 'டொக்' என்றது.

இந்த 'டொக்' ஊர் காதில் விழுந்தால், நாளைக்கு எவன் வேலைக்குக் கூப்பிடுவான்?

"ரெண்டே நிமிஷம்," என்று சிரித்தபடி போய்க் குழாயை இறுக்கினார். திருகு கையோடு வந்துவிட்டது. ஆறு வருஷமாக 'நாளைக்குப் பாக்கலாம்' என்பதையே கேட்டு வளர்ந்த குழாய். அதற்கும் ரோஷம் இருக்காதா? புதுச்சட்டை நனைந்தது. சுவரோரத்து வால்வை மூடப் போனார். துருப்பிடித்த வால்வு இரண்டாகிச் சுவரையும் சேர்த்துக் குளிப்பாட்டியது.

"இதை வெட்டிடுங்க தம்பி."

"அது முடியாதுண்ணே. நாங்க இங்க இல்லைன்னு நினைச்சுக்குங்க," என்றார் கேமராக்காரர், ஸ்டூல் மேல் ஏறி நின்றுகொண்டு.

தொட்டியையே அடைத்துவிடலாம் என்று மாடிக்கு ஓடினார். கேமராவும் பின்னால் ஓடியது. அங்கே மிதவை எப்போதோ கழன்று, தொட்டி தன்பாட்டுக்கு வழிந்துகொண்டிருந்தது. தெய்வத்தை அவர் வைத்திருந்த லட்சணம் அது.

ஒருவழியாக அடைத்துவிட்டு வந்து, சமையல்மேடைக்கு அடியில் குனிந்தார். ஒரு வாளி. அதன் கைப்பிடியில் பழந்துணி சுற்றியிருந்தது.

"இது எதுக்கு?"

"ராத்திரி சொட்டுறது நிறைஞ்சிடும்ங்க. விடிஞ்சதும் தூக்கிட்டுப்போய் ஊத்துவேன்," என்றாள் மனைவி. "கம்பி கையை அறுக்குது. அதான் துணி."

அவள் குறையாகச் சொல்லவில்லை. அதுதான் அவருக்குச் சுருக்கென்றது. அவள் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தார். பிறகு ஸ்பானரை எடுத்தார்.

அப்புறம் அவர் கேமரா பக்கம் திரும்பவே இல்லை. மேலேயிருந்து பார்க்கிறவனுக்குக் கேமரா எதற்கு? குழாய், வால்வு, குளியலறை, யாரும் கேட்காத பின்கட்டுக் குழாய் என்று பொழுது சாயும்வரை மாற்றினார். வாளியைத் தானே கொட்டிக் கவிழ்த்துவிட்டு, மிதவை மாட்ட மாடிக்குப் போனார்.

வாசலில் ஒலிப்பதிவுக்காரர் மனைவியிடம் குரலைத் தாழ்த்தினார்: "அக்கா, நீங்க குடுத்த ரிப்பேர் பட்டியல்ல எல்லாம் முடிஞ்சது, இந்த பேட்டரி இல்லாத கேமராவை அடுத்து எலெக்ட்ரீஷியன் வீட்டுக்குத் தூக்கிட்டுப் போறோம், அந்த அக்கா மூணு வருஷமா டார்ச் வெளிச்சத்துல சமைக்கிறாங்களாம்."