கர்னல் திரும்பமாட்டார்

வழி தெரியாவிட்டால் நின்று கேட்கிறவர்கள் ஒரு ஜாதி. கேட்டும் தொலைந்துபோகிறவர்கள் இன்னொரு ஜாதி. நான் சொல்லப்போவது மூன்றாவது: தொலைந்துபோனதே தெரியாமல், மார்பை நிமிர்த்தி, மீசையை நீவி, பின்னால் பத்துப் பேரையும் இழுத்துக்கொண்டு விறுவிறுவென்று நடக்கிற ஜாதி. எங்கள் இங்கிலாந்தில் இது பெரும்பாலும் பிரபு வீட்டு இளைய மகனாகப் பிறக்கும், பட்டாளத்தில் கர்னலாகும், மீசை நரைத்ததும் பாராளுமன்றத்துக்குப் போகும். வேறு எங்கே போகும், சொல்லுங்கள்? மாளிகை அண்ணனுக்கு. பாதிரியாராகலாம் என்றால் மண்டியிட வேண்டும்.

எங்கள் கர்னல் பேசில் ஃபெதர்ஸ்டன் இந்த ஜாதியின் அசல் உருப்படி. நான் அவருடைய தேர்தல் ஏஜென்ட். பாவம் செய்தவன்.

அவருடைய பதக்கத்தின் கதையைக் கேளுங்கள். தளபதி பிடிக்கச் சொன்னது இடது பக்கத்துக் குன்று. இவர் ஏறிப் பிடித்தது வலது பக்கத்துக் குன்று. அங்கே எதிரி இல்லை, மாடுகள்தான் மேய்ந்துகொண்டிருந்தன. சார்ஜெண்ட் மெதுவாகக் காதில் சொன்னாராம். இவர் கேட்பாரா? கொடியை ஊன்றினார். அதைப் பார்த்த எதிரி, நம்மைச் சுற்றி வளைக்கிறார்கள் என்று பயந்து இடது குன்றைக் காலி செய்துவிட்டு ஓடியே போய்விட்டான்! “எல்லாம் யோசிச்சுத்தான் செஞ்சேன்” என்றார் கர்னல். பதக்கம் குத்திவிட்டார்கள். அன்றிலிருந்து அவர் எதற்கும் திரும்பியதில்லை.

ஓட்டுக் கேட்கப் போனால் மற்றவர்கள் குழந்தையைக் கொஞ்சுவார்கள். இவர் குழந்தையின் பொத்தான் சரியாக இருக்கிறதா என்று பார்ப்பார். கிழவிகளைப் பார்த்து “நிமிந்து நில்லும்மா!” என்பார். அவர்களும் நிற்பார்கள், ஓட்டும் போடுவார்கள், அதுதான் எனக்கு இன்றுவரை புரியவில்லை. ஒருமுறை எதிர்க்கட்சி அலுவலகத்துக்குள் புகுந்து பேச ஆரம்பித்துவிட்டார். சுவர் முழுக்க எதிராளியின் படம். நான் கோட்டைப் பிடித்து இழுத்தேன்.

“சார், இது அவங்க ஆபீஸ் சார்!”

“தெரியும்யா. வேணும்னுதான் வந்தேன்.”

முழுப் பிரசங்கத்தையும் முடித்து, அவர்கள் கொடுத்த டீயையும் குடித்துவிட்டுத்தான் வெளியே வந்தார். அதற்கு முன் வாசல் என்று நினைத்துத் திறந்தது அலமாரிக் கதவை. அலமாரிக்குள்ளும் சற்று நேரம் நின்றார்.

சிரிக்கிறீர்கள். நானும் சிரித்துக்கொண்டுதான் இருந்தேன், எங்கள் ஆஷ்பெக் கிராமத்தை மூழ்கடிக்க ஒரு மசோதா வரும்வரை. பக்கத்துப் பெருநகரத்துக்குக் குடிதண்ணீர் வேண்டுமாம். எங்கள் பள்ளத்தாக்கில் அணை கட்டுவார்களாம். என் வீடு, மாதாகோவில், நெல்லி ஸ்பார்க்கின் ‘கறுப்புக் கடா’ சாராயக்கடை எல்லாம் ஏரிக்கு அடியில். கர்னல் அந்தக் கடை வாசலில் நின்று, “என் பிணத்து மேலதான் தண்ணி ஏறும்!” என்று முழங்கினார். நெல்லி அழுதுவிட்டாள். அவள் புருஷனைப் புதைத்த இடமும் அந்த மாதாகோவில்தான்.

ஓட்டெடுப்பு நாளன்று நானும் நெல்லியும் லண்டனுக்குப் போனோம். சபை வாசலில் கர்னல் என்னை ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார்.

“ஏம்ப்பா, ராணுவத்துக்குத் துணை மந்திரியா போடறேங்கறாங்க. மசோதாவுக்கு ஆதரவா போடணுமாம். நகரத்து ஜனங்களும் குடிக்கணும்ல?”

“சார்! அப்ப நம்ம ஊரு?”

“நீச்சல் கத்துக்குங்க” என்று சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். நான் பார்வையாளர் மாடத்தில் நெல்லியின் பக்கத்தில் போய் உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னேன். அவள் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக் கசக்கினாள்.

எங்கள் சபையில் கை தூக்கி ஓட்டுப் போடுவதில்லை, காலால் நடந்து போடவேண்டும். ‘ஆம்’ என்பவர் சபாநாயகரின் நாற்காலிக்குப் பின்னால் உள்ள கதவுக்குப் போகவேண்டும், ‘இல்லை’ என்பவர் எதிர்க்கோடிக் கதவுக்கு. மணி அடித்தது. நூலகத்தில் குறட்டை விட்டுக்கொண்டிருந்த நம்மவர் விழித்தார், எந்தப் பக்கமாகவோ உள்ளே வந்தார், மீசையை நீவினார், எதிர்க்கோடிக் கதவைப் பார்த்து நடந்தார். ஆமாம், ‘இல்லை’ கதவுக்கு! மசோதா என்னவென்றே தெரியாமல் வயிறு நிறையத் தின்றுவிட்டு வந்த உறுப்பினர்கள், யார் நிமிர்ந்து நடக்கிறாரோ அவர் பின்னால் போவது வழக்கம். ஒரு கூட்டமே கர்னலின் பின்னால் திரும்பியது.

கட்சிக் கொறடா பதறிக்கொண்டு ஓடிவந்தார்.

“கர்னல்! கர்னல்! அந்தப் பக்கம் இல்லய்யா, இந்தப் பக்கம்!”

கர்னல் நின்றார். கழுத்து சிவந்ததை மாடத்திலிருந்தே பார்த்தேன். மந்திரி பதவி முதுகுக்குப் பின்னால். திரும்பினால் போதும், என் வீட்டுக் கூரைமேல் மீன் நீந்தும். நெல்லி என் கையை நசுக்கினாள்.

“திரும்பிடாதடா ராசா,” என்று முணுமுணுத்தாள். “உங்க பரம்பரையில யாரும் திரும்புனதில்லடா. கெட்ட பேரு வாங்கிடாதடா.”

கர்னல் கொறடாவை மேலும் கீழும் பார்த்தார். “யோவ், உன் பொத்தான் கழண்டிருக்கு” என்றார். நேரே நடந்தார், கூட்டமும் நடந்தது, மசோதா தோற்றது!

நெல்லி மாடத்திலேயே என்னைக் கட்டிக்கொண்டு குதித்தாள். காவலாளி எங்கள் இருவரையும் வெளியே தள்ளினார். சந்தோஷமாகத் தள்ளப்பட்டோம்.

துணை மந்திரி பதவி வேறு யாருக்கோ போயிற்று. ஆஷ்பெக்கில் கர்னலைத் தோளில் தூக்கினார்கள். கடை வாசலில் நின்று அதே முழக்கம், அதே பிணம், அதே தண்ணீர். நெல்லி ஒரு பெரிய கோப்பை பீரை நீட்டினாள்.

“கர்னல் சார், உண்மையச் சொல்லுங்க. அந்தக் கதவத்தான் நெனச்சு நடந்தீங்களா?”

“வேற எந்தக் கதவும்மா இருக்கு?”

பொய் சொல்லவில்லை, சத்தியமாக நம்பித்தான் சொன்னார். பீரைக் குடித்துவிட்டு வீட்டுக்குக் கிளம்பினார், வீடு இல்லாத திசையில். நாங்கள் யாரும் கூப்பிடவில்லை. அந்த நடையால் பிழைத்த ஊர், அதைக் கெடுக்கலாமா?

நீங்கள் இப்படியில்லை, எனக்குத் தெரியும். தப்பான பஸ்ஸில் ஏறி, கடைசி நிறுத்தத்தில் இறங்கி, அங்கே ஏதோ ஜோலி இருப்பவர்போல டீ குடித்தது வேறு யாரோ. முகம் தெரியாதவர் கல்யாணத்தில் மொய் எழுதிவிட்டு, பாயசம்வரை பொறுமையாகச் சாப்பிட்டதும் வேறு யாரோதான். இதைப் படிக்கும்போதே பாதியில் எங்கோ, ‘இது நம்மைப் பற்றியல்லவா!’ என்று ஒரு சுருக் ஏற்பட்டிருக்குமே?

பிறகும் நிற்காமல், யாரோ ஒரு கர்னலின் கதைதான் என்ற முகத்தோடு இந்த வரிவரைக்கும் வந்துவிட்டீர்கள், பாருங்கள்.