நாற்பத்திரண்டு அடிச் சுறா

உங்களுக்கு அவரைத் தெரியும். உங்கள் ஒழுங்கையில் ஒருவர் இருப்பார், உங்கள் கந்தோரில் ஒருவர் இருப்பார், கலியாண வீட்டுப் பந்தியில் கட்டாயம் உங்களுக்குப் பக்கத்துக் கதிரையில் ஒருவர் இருப்பார். அவர்தான் பெருப்பிக்கிறவர். அவரைப் பொய்யரோடு சேர்த்துவிடாதீர்கள், அது பெரிய அநியாயம். பொய்யர் இல்லாததைச் சொல்வார். நம்மவர் உள்ளதைத்தான் சொல்வார், ஆனால் உள்ளதை உள்ள அளவில் இருக்க விடமாட்டார். செத்த வீட்டுக்கு நாற்பது பேர் வந்திருந்தால் நானூறு என்பார். கிணற்றடியில் கண்ட சாரைப்பாம்பு அவர் படலையைத் தாண்டும்போது மலைப்பாம்பாகிவிடும். மருமகனுக்கு அரசாங்கக் கச்சேரியில் ஒரு கிளாக்கர் வேலை கிடைத்தால், அடுத்த கிழமை அந்தக் கச்சேரியையே மருமகன்தான் நடத்திக்கொண்டிருப்பான். இப்பேர்ப்பட்டவர் கடற்கரை ஊரில் பிறந்துவிட்டால் என்ன ஆகும்? மீன் அகப்பட்டுக்கொள்ளும்.

சண்டைக் காலத்தில் மன்னார்த் தீவில், கீரி என்ற கரையூரில் இருந்த யாகப்பர் இந்த இனத்தின் நல்ல மாதிரி. அவர் கதை சொல்ல இடம் வேண்டும். இரண்டு கையும் முழுதாக விரிய வேண்டும். அதனால் மினிபஸ்ஸுக்குள் அவருடைய மீன்கள் எல்லாம் சின்னவை, கோயில் வளவுக்குள் எல்லாம் பெரியவை. கையை விரிக்கமுன் பக்கத்தில் இருக்கிற தேத்தண்ணிக் கிளாஸை ஒதுக்கி வைப்பார். கடைசியில் ஒரு அங்குலக் கணக்கும் சேர்ப்பார். "பதினொரு அடி" என்றால் சந்தேகப்படுவீர்கள். "பதினொரு அடி, நாலு அங்குலம்" என்றால்? அந்த நாலு அங்குலத்தை ஒரு மனுசன் சும்மா சொல்லுவானா? சாட்சி வேண்டுமென்றால் சாட்சியும் உண்டு, எல்லாரும் சேமக்காலையில் சிலுவைக்குக் கீழே படுத்திருக்கிறார்கள்.

இதில் ஒரு சங்கடம். ஒருமுறை யாகப்பர் மெய்யாகவே ஒரு பெரிய சுறாவைக் கண்டுவிட்டார்.

அந்தக் காலத்தில் கடலுக்குப் போகப் பாஸ் வேண்டும். காலையில் கரையில் படைக்காரரிடம் பாஸைக் கொடுத்துவிட்டுப் போய், திரும்பி வந்து வாங்கிக்கொள்ள வேண்டும். கரையிலிருந்து இரண்டு கிலோமீற்றர்தான் எல்லை, தாண்டினால் பாஸ் போய்விடும். பாஸ் போனால் வள்ளத்தைக் கவிழ்த்துக் கோழி அடைக்கத்தான் உதவும். இந்தச் சட்டத்தை மீன்களுக்கு யாரும் அறிவிக்கவில்லை. அவை மூன்றாவது கிலோமீற்றரிலேயே நின்றன. ஒருநாள் நீரோட்டம் யாகப்பரை அங்கே இழுத்துக்கொண்டு போய்விட்டது. நீரோட்டம்தான் இழுத்தது என்று அவர் சொல்கிறார், நாமும் அப்படியே வைத்துக்கொள்வோம். அங்கே, அவருடைய பதினாறு அடி வள்ளத்துக்குப் பக்கத்தில், உடம்பெல்லாம் வெள்ளைப் புள்ளி போட்ட ஒரு சுறா வந்து நின்றது. தலை அணியத்துக்கு முன்னால் ஒரு அடி, வால் பின்னால் ஒரு அடி. வாயைத் திறந்து தண்ணீரைக் குடித்துக்கொண்டு, அவரைத் திரும்பியும் பார்க்காமல், வந்த மாதிரியே போய்விட்டது.

அன்று யாகப்பர் வீட்டுக்கு வந்து பேசாமல் குந்தியிருந்தார்.

"என்னப்பா, சுகமில்லையோ?" என்று கேட்டாள் மனைவி அருள்நாயகி.

"ஒரு சுறாவைக் கண்டனான். பெரிசு."

அவ்வளவுதான். கையை விரிக்கவில்லை. முப்பது வருடக் குடித்தனத்தில் அருள்நாயகி அப்படி ஒன்றைக் கண்டதில்லை. அதனாலேயே அவள் நம்பிவிட்டாள்.

ஆனால் இனத்தின் குணம் எத்தனை நாளைக்குப் படுத்திருக்கும்? மறுகிழமை அமிர்தநாயகத்தின் தேத்தண்ணிக் கடையில் சுறா பதினெட்டு அடியாக இருந்தது. அது உண்மை. அதற்கடுத்த கிழமை இருபது, பாஸ்குத் திருநாளுக்குள் இருபத்திரண்டு. ஒரு ஒழுங்கோடு, நல்ல தீன் போட்ட பிள்ளை மாதிரி வளர்ந்துகொண்டிருந்தது. அந்த அளவிலேயே நின்றிருந்தால் யாருக்கும் நட்டமில்லை. ஆனால் சீவரத்தினம் படம் போட்டார்.

சீவரத்தினத்திடம் ஒரு ரீவியும் ஒரு டெக்கும் மண்ணெண்ணெயில் ஓடுகிற ஒரு ஜெனரேற்றரும் இருந்தன. பொழுதுபட்டால் ஊரடங்கு என்பதால் மத்தியானம் இரண்டு மணிக்கே யன்னல்களுக்குச் சாக்குக் கட்டிப் படம் ஓடும். அன்றைக்கு ஓடியது ஒரு இங்கிலீசுப் படம். ஒரு சுறா மனிசரைத் தின்கிறது, வள்ளத்தைத் தின்கிறது, கடைசியில் ஒரு பாலத்தையும் கடித்துப் பார்க்கிறது. பிறந்த நாளிலிருந்து சுறா வெட்டிய ஆம்பிளைகள், சுறாவைத் துண்டு போட்டு விற்ற ஆம்பிளைகள், கால்களைக் கதிரைக்கு மேலே தூக்கி வைத்துக்கொண்டு பார்த்தார்கள். அடுத்த நாள் காலை முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டு, "நீ முதல்ல ஏறு", "இல்லை, நீ ஏறு" என்று ஒருவரையொருவர் உபசரித்தார்கள்.

"வறை வறுத்துச் சோத்தோட தின்னுற சாமானுக்கோ இந்த நடுக்கம்?" என்று கேட்டுவிட்டு அருள்நாயகி கூடையைத் தூக்கிக்கொண்டு போனாள்.

ஆனால் அதற்கு முதல், அன்றைக்குப் படம் முடிந்ததுமே சீவரத்தினம் வீடியோக் கொப்பியின் மட்டையைப் பார்த்து வாசித்தார். "இந்தச் சுறா இருபத்தைஞ்சு அடியாம்."

சனம் முழுக்க யாகப்பரைத் திரும்பிப் பார்த்தது. இருபத்திரண்டு எங்கே, இருபத்தைந்து எங்கே? யாகப்பருக்கு முகம் கறுத்துவிட்டது. எழும்பிப் போய், கடைசிக் காட்சியில் உறைந்து நின்ற சுறாவை ரீவிக் கண்ணாடியில் கையால் அளந்தார்.

"ஒரு சாண், நாலு விரல்," என்றார். "இதையோ இருபத்தைஞ்சு எண்டு சொல்லுறியள்?"

"அது ரப்பர் சுறா அண்ணை. மிசினில ஓடுறது," என்றார் சீவரத்தினம், ஆறுதலாக இருக்கட்டும் என்று.

அது ஆறுதலாக இல்லை. உயிருள்ள சுறாவைக் கண்ட மனிதர் ரப்பரிடம் மூன்று அடியால் தோற்றுப் போயிருக்கிறார். யாகப்பர் நேரே தேத்தண்ணிக் கடைக்குப் போனார், கிளாஸை ஒதுக்கினார், கையை விரித்தார். கை போதாமல் எழும்பி நடந்து, வாசலில் ஒரு காலும் றோட்டில் ஒரு காலுமாக நின்று அறிவித்தார்.

"நாப்பத்திரண்டு அடி, மூண்டு அங்குலம்."

"போன கிழமை இருபத்திரண்டு எண்டனீங்கள்," என்றார் அமிர்தநாயகம்.

"அது தலையிலயிருந்து முதுகுச் செட்டை மட்டும். மிச்சத்தை அப்ப சொல்லேல்லை."

இனி அந்தச் சுறா யாகப்பருடையது இல்லை, சனத்தினுடையது. மீன் காயவைக்கிற வாடிக்குப் போனது, பட்டினத்துச் சந்தைக்குப் போனது, மினிபஸ் ஏறிச் சோதனைச்சாவடி வரிசையில் நின்றது. ஒவ்வொரு வாயும் அதற்கு ஒரு கவளம் ஊட்டியது. நாலாம் நாள் அது அறுபது அடி நீளம், கரிக்கறுப்பு, வால் இல்லை, செட்டை இல்லை, சத்தமில்லாமல் தண்ணிக்குக் கீழே ஓடும், முன்னால் ஒரு வெளிச்சமும் உண்டு. இப்படி ஒரு சாமானைப் பற்றிக் கேள்விப்பட்டால், சண்டைக் காலத்தில், கையில் பேனாவோடு இருக்கிறவன் என்னவென்று எழுதுவான்? சுறா என்றா எழுதுவான்? நீர்மூழ்கி என்று எழுதினான்.

பாஸையும் கொண்டு பத்து மணிக்குப் படை முகாமுக்கு வரச்சொல்லி யாகப்பருக்குச் சொல்லி அனுப்பினார்கள்.

அந்த அறையில் ஒரு மேசை, மேசையில் ஒரு கடல் வரைபடம், ஒரு கோப்பை பிளேன்ரீ, சுற்றாத ஒரு காற்றாடி. மேசைக்குப் பின்னால் ஒரு அதிகாரி. அவருக்குத் தமிழ் தெரியாது, யாகப்பருக்குச் சிங்களம் தெரியாது. நடுவில் அழகையா நின்றான். மலைநாட்டில் பிறந்து, கலவரத்துக்குத் தப்பி உயிலங்குளத்துக்கு வந்து, அங்கிருந்தும் சண்டைக்குத் தப்பித் தீவுக்கு வந்து, முகாமில் விறகு கொத்துகிறவன். சிறு வயதில் கற்ற சிங்களம் இருந்ததால் அவன்தான் மொழிபெயர்ப்பு. வாங்கின பாஸை அதிகாரி தன் முழங்கைக்குக் கீழே வைத்துக்கொண்டார். யாகப்பர் அதிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அண்ணே, நீங்க பாத்தது அறுபது அடியான்னு கேக்கிறாரு," என்றான் அழகையா.

யாகப்பருக்கு மெய்யாகவே கோபம் வந்தது. "அறுபதோ? ஆர் சொன்னது? சனம் எப்பிடிப் புளுகுது பாரும் தம்பி. நாப்பத்திரண்டுதான்."

அழகையா கடலுக்கு ஒருநாளும் போனதில்லை. தனக்குத் தெரிந்த கணக்கில், தோட்டத்து லயத்தில் வரிசையாக நாலு காம்பரா நீளம் என்று அதிகாரிக்கு விளங்கப்படுத்தினான். அதிகாரி வரைபடத்தில் விரலை வைத்தார். மெல்லப் பேசினார்.

"ரெண்டு கிலோமீட்டருக்குள்ள அவ்வளவு பெரிய மீன் வந்தா வயிறு தரையில தட்டிடும்ங்கிறாரு. அதனால ரெண்டுல ஒண்ண சொல்லணுமாம். ஒண்ணு நீங்க எல்லை தாண்டிப் போயிருக்கீங்க. இல்லாட்டி அது மீனே இல்ல."

யாகப்பர் பாஸைப் பார்த்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு மீனைச் சின்னதாக்க வேண்டிய நிலைமை.

"இருபத்தைஞ்சு எண்டு சொல்லும்," என்றார்.

அதிகாரி தலையாட்டவில்லை.

"சரி, பன்ரெண்டு."

"பன்னெண்டு அடி வள்ளமும் இருக்குதாம் அண்ணே."

"ஆறு."

அதிகாரி முழங்கையை எடுக்கவில்லை.

"மூண்டு," என்றார் யாகப்பர். குரல் அவருக்கே கேட்கவில்லை. "பால்சுறா. வறைக்கு எடுக்கிறது. இடுப்பளவு தண்ணிக்குள்ள கண்டனான்."

இராயப்பர் ஆண்டவரை மறுதலித்த கதை யாகப்பருக்குப் பாடம். அவராவது மூன்று தரத்தோடு நிறுத்திக்கொண்டார். வெள்ளைப் புள்ளி போட்ட அந்த உடம்பு வள்ளத்தோரம் உரசிக்கொண்டு போனது கண்ணுக்குள் நிற்க, அதை அடி அடியாக வெட்டிச் சட்டிக்குள் போட்டது மாதிரி இருந்தது அவருக்கு. அழுகை வந்தது. அடக்கிக்கொண்டார்.

அதிகாரி சிரித்துவிட்டார். எழுதி வைத்திருந்த தாளைக் கிழித்தார். பிறகு, யாகப்பர் பார்த்துக்கொண்டிருக்கவே, பிளேன்ரீக் கோப்பையைக் கொஞ்சம் தள்ளி வைத்தார். அதிகாரி இரண்டு கையையும் விரித்தார்.

"இவரும் தென்கரையில மீன்பிடி ஊர்க்காரராம். அவங்க ஊர்ல அவரு பாத்த மோரா, அதான் சுறா, ஐம்பத்தோரு அடியாம் அண்ணே," என்றான் அழகையா. கொஞ்சம் கேட்டுவிட்டு, "ரெண்டு அங்குலமும்," என்று சேர்த்தான்.

இதைத் தாங்க எந்த மனுசனால் முடியும்? யாகப்பரின் இரண்டு கையும் தொடையில் கிடந்து துடித்தன. பாஸ் இன்னும் மேசையில்தான் இருந்தது. பேசாமல் இருக்கவேண்டும், பேசாமல் இருக்கவேண்டும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டே வாயைத் திறந்தார்.

"தம்பி, ஒண்டே ஒண்டு கேளும். அது கரையிலயிருந்து எத்தினை கிலோமீற்றர்?"

அழகையா அவரைப் பார்த்தான். பாஸைப் பார்த்தான். பிறகு அதிகாரி பக்கம் திரும்பி நீளமாக, மரியாதையாக ஏதோ சொன்னான். அதிகாரியின் முகம் மலர்ந்தது. பாஸைத் தானே எடுத்து யாகப்பரின் கையில் வைத்து, முதுகிலும் ஒரு தட்டுத் தட்டினார்.

வெளியே வந்து நூறு யார் நடந்த பிறகுதான் யாகப்பர் கேட்டார். "என்னெண்டு சொன்னனீர்?"

"உங்க ஆயுசுல பெரிய சுறாவே பாத்ததில்லன்னு சொல்லிட்டேன். இப்பதான் கேள்விப்படுறீங்கன்னு. தப்பா அண்ணே?"

"இல்லை தம்பி. நல்லது செய்தனீர்," என்றார் யாகப்பர்.

வீட்டுக்கு வந்து குந்தினார். அருள்நாயகி சோற்றைப் போட்டாள்.

"பதினெட்டு அடிதானப்பா," என்றார்.

"எனக்குத் தெரியும். சாப்பிடுங்கோ."

பின்னேரம் தேத்தண்ணிக் கடையில் சனம் காத்துக்கொண்டிருந்தது. யாகப்பர் வந்தார், கிளாஸை ஒதுக்கவில்லை, கையை மடியில் வைத்துக்கொண்டார். "மூண்டு அடி," என்றார். "பால்சுறா."

யாரும் சிரிக்கவில்லை. ஆளை ஆள் பார்த்தார்கள். நாற்பத்திரண்டை ஒருநாளும் நம்பாத அமிர்தநாயகம் அடுப்படியிலிருந்து வெளியே வந்தார்.

"மூண்டு அடிச் சுறாவுக்கோ ஒரு மனுசனை முகாமுக்குக் கூப்பிட்டவங்கள்? இப்பிடிச் சொல்லச் சொல்லி அனுப்பியிருக்கிறாங்கள். எண்பதுக்குக் குறையாது."

"இல்லையப்பா, மூண்டு," என்றார் யாகப்பர்.

"பாத்தியளோ," என்றார் அமிர்தநாயகம். "நூறு."

இவ்வளவும் கேட்டுவிட்டு நீங்கள் சிரிக்கிறீர்கள். கீரிச் சனத்தின் வாய் அப்படி, நமக்கு அந்தப் பழக்கம் இல்லை என்கிறீர்கள். நல்லது. ஒரேயொரு கேள்வி மட்டும். அந்த முகாம் அறைக்குள் எத்தனை பேர் துவக்கை நீட்டிக்கொண்டு நின்றார்கள்? அந்த அதிகாரியின் மீசை எவ்வளவு பெரியது? மேசையை எத்தனை தரம் குத்தினார்? பதில் சட்டென்று வருகிறதல்லவா. நான் துவக்கு என்றோ மீசை என்றோ ஒரு சொல் எழுதவில்லை. அந்த மனுசன் மேசையைக் குத்தவும் இல்லை. வேண்டுமென்றால் மேலே போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள், ஆனால் முதலில் உங்கள் பக்கத்தில் இருக்கிற அந்தக் கிளாஸை எடுத்து ஒதுக்கி வையுங்கள்.