புதன்கிழமைப் பைகள்

கல்யாணத்துக்கு வருகிற ஒவ்வொருவர் கையிலும் தான் தைத்த பை ஒன்று போக வேண்டும் என்று தையல்காரர் சபதம் போட்டது ஆசையால் அல்ல, ரோஷத்தால்.

ஒரே மகள். அவளுடைய கல்யாண உடையைத் தானே தைப்பதாக அவள் தொட்டிலில் கிடந்தபோதே சொல்லி வைத்தவர். மனைவியோ போன மாதம் பாத்திரம் துலக்கியபடியே சாவகாசமாகச் சொன்னாள்:

“பொண்ணோட துணியை மார்க்கெட் தெரு தையல்காரர்கிட்ட கொடுத்தாச்சுங்க.”

அவர் கத்திரிக்கோலை எடுத்தார், வைத்தார். தெருவில் அவருக்குப் பட்டப்பெயர் ‘நாளைக்கு’. அவர் தையலை யாரும் குறை சொன்னதில்லை. கேட்ட நாளில் அதைப் பார்த்தவர்களும் யாருமில்லை. மனைவியே தன் கல்யாணத்தில் அக்காவின் உடையை இரவல் வாங்கி, இடுப்பில் ஊக்கு குத்திக்கொண்டு நின்றவள். அதைப் பற்றி அவள் ஒரு நாளும் பேசியதில்லை. அதுதான் அவருக்குப் பயம்.

பிறகு சமையல்காரர் சாப்பாடு பேச வந்தார். இனிப்பு இரண்டா மூன்றா, பழத்தை நறுக்கி வைப்பதா முழுசாகவா, எல்லாவற்றுக்கும் தாயும் மகளுமே பதில் சொன்னார்கள். பெண்ணைப் பெற்றவர் ஒருத்தர் மூலையில் உட்கார்ந்திருப்பது யார் கண்ணிலும் படவில்லை.

“கிளம்புறவங்க கையில என்ன கொடுக்கிறது?” என்றார் சமையல்காரர்.

“இனிப்பு ஒரு பெட்டி, பழம் ரெண்டு. போட்டுக் கொடுக்க ஏதாவது கடைப் பை…” என்றாள் மனைவி.

“கடைப் பையா!” தையல்காரர் எழுந்தே விட்டார். “துணிப் பை. நான் தைக்கிறேன்.”

“நீங்களா?”

“நானேதான்.”

“புதன்கிழமைக்கு வேணும்,” என்றாள் மனைவி.

“வாங்கிக்கோ.”

கல்யாணமோ ஞாயிற்றுக்கிழமை. தையல்காரரிடம் உண்மையான தேதியைச் சொன்ன மனிதர் இந்த உலகத்தில் பிறக்கவில்லை. சனிக்கிழமை வேண்டுமென்றால் புதன் என்பார்கள். அவரும் புதன் என்றால் சனி என்று எடுத்துக்கொள்வார். வீட்டுக்காரி மட்டும் அதற்கு விலக்கா? துணியை வெட்டி மலையாகக் குவித்துவிட்டு, பக்கத்து வீட்டுத் திரைச்சீலையைத் தைக்க உட்கார்ந்தார்.

புதன்கிழமை காலை சமையல்காரர் இனிப்புப் பெட்டிகளை அடுக்கடுக்காகத் தூக்கிக்கொண்டு வந்து நின்றார்.

“பை எங்கேண்ணே?”

“இன்னிக்கேவா?”

“புதன்கிழமைன்னுதானே அண்ணி சொன்னாங்க?”

மனைவி எட்டிப் பார்த்தாள். ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து தையல் இயந்திரத்துக்கு எதிரே போட்டாள். சமையல்காரர் அதில் உட்கார்ந்தார். எழுந்திருக்கவே இல்லை.

அன்றைக்கு அந்த இயந்திரம் பட்ட பாடு! காலை உணவு மகள் ஊட்டிவிட்டது. மதிய உணவு ஊட்டிவிடக்கூட வழியில்லை. பொழுது சாய்ந்தபோது கடைசிப் பையின் நூலைப் பல்லால் கடித்துத் துப்பினார்.

“சொன்ன நாள்ல கொடுத்துட்டேன்!” அவர் வாழ்நாளில் முதல் தடவை.

“சந்தோஷம்ண்ணே,” என்று சமையல்காரர் ஒரு பெட்டியை எடுத்துப் பைக்குள் போட்டு அளவு பார்த்தார். பெட்டி காலி.

“இனிப்பு?”

“சனிக்கிழமைதான் செய்வேன். இன்னிக்கே செஞ்சா கெட்டுப் போயிடாதா?”

தையல்காரர் விடுவிடுவென்று உள்ளே போனார். “என்னை ஏமாத்திட்டே!”

“ஆமாங்க.” மனைவி பீரோவைத் திறந்து மகளுடைய துணியை எடுத்து அவர் கையில் வைத்தாள். மடிப்புக் கலையவில்லை. கத்திரி படவில்லை. “இப்பதான் உங்களுக்குக் கை சூடாயிருக்கு. இதையும் தைச்சிடுங்க. இது உங்க கையாலதான்.”

“மார்க்கெட் தெருக்காரர்கிட்ட கொடுத்தாச்சுன்னியே!”

“பொய் சொன்னேன். ஒரு மாசம் முன்னாடியே உங்ககிட்ட கொடுத்திருந்தா இது எங்கே கிடந்திருக்கும்?”

அவர் துணியைத் தடவிப் பார்த்தார். அந்த ஒரு நிமிஷம் அவருக்குத் தோற்றது கூட நினைவில்லை.

“அவர்கிட்ட எதுவுமே கொடுக்கலையா அப்போ?”

“என் துணியைக் கொடுத்தேன்.”

“உன்னுதா?” அவருக்குச் சுருக்கென்றது. “ஏன், நான் தைக்க மாட்டேனா?”

மனைவி பீரோவைச் சாத்தினாள்.

“நம்ம கல்யாணத்துக்குத் தைச்சுத் தரேன்னு வாங்கிட்டுப் போனீங்களே, முதல்ல அதைக் கொடுங்க.”