டஜன் கணக்கில் பிரெஞ்சு சினிமா

பிரெஞ்சு சினிமாவில் நுழைய எனக்குக் கிடைத்த ஒரே வாய்ப்பை, ஒரே மத்தியானத்தில், வெகு சுத்தபத்தமாக நானே ஒழித்துக்கட்டினேன். (சோம்பேறித்தனத்தால் கெட்டவர்கள் உண்டு. நான் சுறுசுறுப்பால் கெட்டவன்.)

எழுபதுகளின் தொடக்கம். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் எனக்கு பேக்கிங் வேலை. எங்கள் ஊர்த் தொழிலைப் படம் பிடிக்க பிரான்ஸிலிருந்து ஒரு குழு வந்து, முதலாளியின் தோட்டத்து வீட்டில் தங்கியது. அதில் ஒரு அம்மாள், எடிட்டர். பாரிஸில் பல வருஷமாக அதுதான் வேலையாம். மெட்ராஸ் லேபில் கழுவி வந்த பிலிமை இங்கேயே உட்கார்ந்து வெட்டிக்கொண்டிருந்தார். என் பி.யு.சி. ஆங்கிலத்தை நம்பி முதலாளி என்னை அவருக்கு உதவிக்கு அனுப்பினார்.

நடிக்கிறவர் தெரியும், படம் பிடிக்கிறவர் தெரியும். இவர் என்னதான் செய்கிறார் என்பது எனக்கு விளங்கவேயில்லை. கேட்டேன். "மற்றவர்கள் எடுத்ததில் வேண்டாததை வெட்டிப் போடுவேன்" என்றார். இதைப் போய் முதலாளியிடம் சொன்னதும் அவரும் குழம்பிவிட்டார்.

"ஏங்கண்ணு, இங்க துணிய வீணாக்குனா சம்பளத்துல புடிக்கறேன். அங்க வீணாக்கறதுக்கே சம்பளமா?"

"அப்படித்தானுங்க போலிருக்குதுங்க."

குழம்பினாலும் ஆசை விடவில்லை. நானும் எடிட்டராக வேண்டும் என்று அந்த அம்மாளிடம் உளறிவைத்தேன். "கோயம்புத்தூர் போய் வருகிறேன். அறையை நன்றாகப் பார்த்துக்கொண்டால், மெட்ராஸில் தெரிந்த ஸ்டுடியோவில் சொல்லிச் சேர்த்துவிடுகிறேன்" என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

அவர் போனதும் அறையைப் பார்த்தேன். சகிக்கவில்லை. ஆணிக்கு ஆணி பிலிம் துண்டுகள் தொங்கின. முழ நீளத்துக்கு ஒன்று, பக்கத்திலேயே ஆள் உயரத்துக்கு ஒன்று! பாரிஸ்காரர்களின் ஒழுங்கு இவ்வளவுதானா? எங்கள் கம்பெனியில் இப்படி வைத்தால் அன்றைக்கே சீட்டைக் கிழித்துவிடுவார்கள். எல்லாவற்றையும் இறக்கினேன். சின்ன சைஸ், நடு சைஸ், பெரிய சைஸ் என்று பிரித்து, டஜன் டஜனாக நூலால் கட்டினேன். இருட்டடித்த துண்டுகளைத் தனியாகக் கட்டி, பழுதான பனியனுக்கு எழுதுகிற மாதிரியே மேலே 'செகண்ட்ஸ்' என்று சீட்டும் செருகினேன்.

சாயங்காலம் அம்மாளோடு முதலாளியும் வந்தார். கட்டுகளைப் பார்த்துப் பூரித்துப்போனார். "பாத்தீங்களா மேடம்? நம்ம பையன் வேலைன்னா வேலைதானுங்க!"

அம்மாள் ஒரு கட்டை அவிழ்த்து, துண்டு துண்டாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். தறி, எருமை, சாயப் பட்டறை, முதலாளியின் கொட்டாவி, மறுபடியும் எருமை. படத்தில் வர வேண்டிய வரிசைப்படி தொங்கவிட்டிருந்தாராம். ஒரு வாரத்து வேலை. அவர் கண் கலங்கியதைப் பார்த்து எனக்கும் அழுகை வந்துவிட்டது. என்ன தப்பு என்பது மட்டும் அப்போதும் பிடிபடவில்லை.

"அளவெல்லாம் சரியாகத்தானே இருக்கிறது?" என்று வேறு கேட்டுத் தொலைத்தேன்.

அவர் என் தோளைத் தட்டினார். "உன்னைப் போல ஒழுங்கான ஆளை நான் பார்த்ததே இல்லை. தயவுசெய்து சினிமா பக்கம் வந்துவிடாதே."

வரவில்லை. பேக்கிங் மேனேஜராகவே ரிட்டயர் ஆனேன். (இன்றும் தியேட்டரில் எடிட்டர் பெயர் வரும்போது மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்து படிப்பேன். அதை மறைப்பானேன்.)

எங்கள் வீட்டு போட்டோ ஆல்பத்தை அடுக்கியதும் நான்தான். சின்னப் படங்கள் முதலில், பெரியவை கடைசியில். விருந்தாளி யார் வந்தாலும் என் மனைவி அதைத்தான் எடுத்து நீட்டுவாள். முதல் பக்கத்தில் எங்கள் பையன் பள்ளிக்கூடச் சட்டையில் முறைப்பான். நடுப்பக்கத்தில் அவனுக்குக் காது குத்துவார்கள். வந்தவர்கள் முன்னும் பின்னும் புரட்டி விழிப்பார்கள்.

"பொறுமையாப் பாருங்க" என்பாள். "எங்கூட்டுக்காரரு பிரெஞ்சு சினிமாவுல எடிட்டரா இருந்தவருங்க. கடைசிப் பக்கத்துலதான் எனக்குத் தாலி கட்டறாருங்க."